விருப்ப மனுவில் ஒரு கேள்வி: தமிழ்நாட்டுக் கட்சித் தலைமைகளுக்கு ஒரு திறந்த மடல்

தமிழ்நாட்டில் மக்களவைத் தேர்தலுக்கு வேட்பாளர்களைத் தேர்ந்தெடுக்கும் பொறுப்பில் உள்ள அனைத்துக் கட்சிகளின் தலைவர்களுக்கும், பொதுச் செயலாளர்களுக்கும், ஆட்சிமன்றக் குழு உறுப்பினர்களுக்கும் வணக்கம். உள்ளாட்சியில் பணியாற்றியவர்கள் நாடாளுமன்றத்துக்குச் செல்ல ஒரு வழி வேண்டும் என்று கேட்கவே இதை எழுதுகிறேன். அப்படிச் சென்ற மூவரிலிருந்து தொடங்குகிறேன்.

1996-ஆம் ஆண்டு உள்ளாட்சித் தேர்தலில் கரூர் மாவட்டத்தின் க. பரமத்தி ஊராட்சி ஒன்றியத்துக்குக் கவுன்சிலராகத் தேர்வானபோது ஜோதிமணி இருபதுகளின் தொடக்கத்தில் இருந்தார். 2001-இல் மீண்டும் வென்று, மொத்தம் பத்தாண்டுகள் ஒன்றியக் குழுவில் அமர்ந்தார். 2011-இல் கரூர் சட்டமன்றத் தொகுதியில் தோற்றார். 2014-இல் கரூர் மக்களவைத் தொகுதியில் கூட்டணி பலம் ஏதுமின்றி நின்று மீண்டும் தோற்றார். 2019-இல் அதே தொகுதியில், அப்போதைய மக்களவைத் துணைத் தலைவர் தம்பிதுரையை நான்கு லட்சத்துக்கும் மேற்பட்ட வாக்குகள் வித்தியாசத்தில் தோற்கடித்து நாடாளுமன்றத்துக்குச் சென்றார். 2024-இல் மறுபடியும் வென்றார். ஊராட்சி ஒன்றியத்தின் ஒரு வார்டு என்பது ஏறத்தாழ ஐயாயிரம் மக்கள்தொகை கொண்டது. கரூர் மக்களவைத் தொகுதியோ கரூர், திண்டுக்கல், திருச்சி, புதுக்கோட்டை என நான்கு மாவட்டங்களில் கால் வைத்திருக்கும் தொகுதி. முதலாவதிலிருந்து இரண்டாவதை அடைய அவருக்கு 23 ஆண்டுகள் ஆயின.

கவிஞர் சல்மாவின் கதை இன்னும் நீண்டது. திருச்சி மாவட்டம் பொன்னம்பட்டி பேரூராட்சியின் தலைவர் பதவி பெண்களுக்கு ஒதுக்கப்பட்டதால்தான் 2001-இல் அவரைக் குடும்பத்தினர் வேட்பாளராக நிறுத்தினார்கள். பருவமெய்திய நாளிலிருந்து வீட்டுக்குள்ளேயே வளர்ந்த ஒருவர் அந்த ஒதுக்கீட்டின் வழியாகத்தான் பொதுவெளிக்கு வந்தார். 2006-இல் மருங்காபுரி சட்டமன்றத் தொகுதியில் தோல்வி. மாநிலங்களவை உறுப்பினராக அவர் பதவியேற்றது 2025 ஜூலையில். இடையில் ஓடியவை 24 ஆண்டுகள்.

கோவையின் இன்றைய மக்களவை உறுப்பினர் கணபதி ராஜ்குமார் அந்த மாநகராட்சியின் மேயராக 2014 முதல் 2016 வரை இருந்தவர். அவரை மேயர் நாற்காலியில் அமர்த்திய கட்சி ஒன்று, டெல்லிக்கு அனுப்பிய கட்சி மற்றொன்று என்பதைக் குறை சொல்வதற்காக நான் இங்கே குறிப்பிடவில்லை. ஒருவர் உள்ளாட்சியில் ஈட்டிய அனுபவத்தை அவருடைய சொந்தக் கட்சியே கணக்கில் வைத்துக்கொள்வதில்லை என்பதற்கு அது ஒரு சான்று என்று மட்டுமே கருதுகிறேன்.

இந்த மூவரும் வெவ்வேறு வழிகளில் சென்றவர்கள். ஆயினும் மூவரையும் சேர்த்துப் பார்க்கையில் ஒன்று தெளிவாகிறது: தமிழ்நாட்டில் உள்ளாட்சியிலிருந்து நாடாளுமன்றத்துக்குச் செல்லும் வழி என்று கட்சிகள் அமைத்துக்கொடுத்தது எதுவும் இல்லை. தனிமனித விடாப்பிடி, கூட்டணிக் கணக்கு, எதிர்பாராத ஒரு வாய்ப்பு ஆகியவை ஒன்றுகூடும் அரிதான நேரங்களில் சிலர் மேலே சென்றுவிடுகிறார்கள். மற்றவர்கள் ஐந்தாண்டு முடிந்ததும் வீடு திரும்புகிறார்கள். அவர்கள் கற்றதும் அவர்களோடு திரும்பிப் போய்விடுகிறது. இதை மாற்ற உங்களால் முடியும் என்பதாலும், அதற்குச் சட்டத்திருத்தமோ பெருஞ்செலவோ தேவையில்லை என்பதாலும் இந்த மடலை எழுதுகிறேன்.

நான் ஒரு நகராட்சியின் மன்றப் பிரிவில் நெடுங்காலம் பணியாற்றி ஓய்வு பெற்றவன். மன்றக் கூட்டத்துக்குப் பொருள் நிரல் தயாரிப்பதும், கூட்டம் முடிந்தபின் தீர்மானங்களைப் பதிவேட்டில் ஏற்றுவதும் என் வேலையாக இருந்தன. அந்தப் பதிவேடுகளைப் பொறுமையாகப் படித்தால், ஓர் உறுப்பினரைப் பற்றி எந்த மாவட்டச் செயலாளரும் சொல்லாத செய்திகள் கிடைக்கும். மதிப்பீட்டைவிடக் கூடுதலான விலைப்புள்ளி ஏன் ஏற்கப்பட்டது என்று கேட்டவர் யார், குடிநீர்க் கட்டண உயர்வை எதிர்த்தபோது மாற்று வருவாய்க்கும் வழி சொன்னவர் யார், சொந்தக் கட்சித் தலைவர் அவைக்குத் தலைமை வகிக்கும்போதும் தம் மறுப்பைப் பதிவு செய்யச் சொன்னவர் யார், ஐந்தாண்டும் கையெழுத்தைத் தவிர வேறெதுவும் இடாதவர் யார் என்பதெல்லாம் அதில் உண்டு. நாடாளுமன்றத்துக்கு ஆள் தேடும்போது எந்தக் கட்சியாவது இந்தப் பதிவேட்டைக் கேட்டு வாங்கிப் பார்த்ததாக நான் அறிந்ததில்லை.

உள்ளாட்சியைப் பயிற்சிக்களமாகக் கருதும் மரபு தமிழ்நாட்டுக்குப் புதியதன்று. ராஜாஜி சேலம் நகராட்சியின் தலைவராகவும், பெரியார் ஈரோடு நகராட்சியின் தலைவராகவும் இருந்தபிறகே பெரிய அரசியலுக்குள் சென்றார்கள். 1934-இல் மத்திய சட்டசபைக்குத் தேர்வாகி அங்கே புகழ்பெற்ற பேச்சாளராக விளங்கிய தீரர் சத்தியமூர்த்தி, 1939-இல் சென்னை மேயர் பொறுப்பையும் ஏற்றார். நகரின் குடிநீர்த் தட்டுப்பாட்டைத் தீர்க்க அவர் முனைந்து தொடங்கிவைத்த பூண்டி நீர்த்தேக்கம், 1943-இல் அவர் மறைந்த பின் 1944-இல் நிறைவடைந்து இன்றும் அவர் பெயரைத் தாங்கி நிற்கிறது. திராவிட முன்னேற்றக் கழகம் 1967-இல் கோட்டையைப் பிடிப்பதற்கு எட்டாண்டுகள் முன்பே, 1959-இல், சென்னை மாநகராட்சியைப் பிடித்தது. அந்த வெற்றிக்காகக் கலைஞருக்கு அண்ணா கணையாழி அணிவித்த நிகழ்ச்சியைச் சொல்லாத கழக மேடை இருக்க முடியாது. அந்தக் கணையாழியை நினைவில் வைத்திருப்பவர்கள் மாநகராட்சி மன்றத்தை மறந்துபோனதுதான் வியப்பு.

மறதி தற்செயலாக வந்ததில்லை. 1973 இறுதியில் கலைக்கப்பட்ட சென்னை மாநகராட்சி மன்றம் 1996 வரை மீண்டும் கூடவில்லை. ஏறத்தாழ ஒரு தலைமுறைக் காலம் தலைநகரில் கவுன்சிலர் என்ற இனமே கிடையாது. 1986 நவம்பர் 1-இல் சட்ட மேலவை கலைக்கப்பட்டபோது அதைப் பற்றிப் பேசியவர்கள் பெரும்பாலும் மேலவையின் தேவை, தேவையின்மை பற்றியே பேசினார்கள். அரசியலமைப்புச் சட்டத்தின் 171-ஆவது பிரிவின்படி மேலவை உறுப்பினர்களில் மூன்றில் ஒரு பங்கினரை உள்ளாட்சி உறுப்பினர்களே வாக்களித்துத் தேர்ந்தெடுக்க வேண்டும் என்பதையும், உள்ளாட்சிக்கும் சட்டமியற்றும் அவைக்கும் இடையில் எழுத்தில் இருந்த ஒரே படி அதுவே என்பதையும் மிகச் சிலரே கவனித்தார்கள். கர்நாடகத்திலும் மகாராஷ்டிரத்திலும் அந்தப் படி இன்றும் உள்ளது. 2010-இல் இங்கே மேலவையை மீட்க நாடாளுமன்றம் சட்டம் இயற்றியும், 2011-இல் ஆட்சி மாறியதும் அம்முயற்சி கைவிடப்பட்டது. மேலவை வேண்டுமா என்ற விவாதத்துக்குள் நான் இப்போது போகப்போவதில்லை. அந்தப் படி போன இடத்தில் வேறெதையும் வைக்கவில்லை என்பதே என் குறை.

1993-இல் நடைமுறைக்கு வந்த 73, 74-ஆவது அரசியலமைப்புத் திருத்தங்கள் ஐந்தாண்டுக்கு ஒருமுறை தேர்தல் கட்டாயம் என்றன. அதன்பிறகும் 2016-இல் அறிவிக்கப்பட்ட தேர்தல் உயர் நீதிமன்றத்தில் நின்றுபோக, ஊரகப் பகுதிகளில் 27 மாவட்டங்களில் 2019 டிசம்பர் வரையிலும், மற்ற மாவட்டங்களில் 2021 அக்டோபர் வரையிலும், நகர்ப்புறங்களில் 2022 பிப்ரவரி வரையிலும் அரசு நியமித்த தனி அலுவலர்களே ஆண்டார்கள். உள்ளாட்சிக்கென்று நிதிக்குழு பரிந்துரைத்த மானியத்தை, தேர்ந்தெடுக்கப்பட்ட மன்றம் இல்லை என்ற காரணத்தைக் காட்டி நடுவண் அரசு அந்தக் காலத்தில் நிறுத்தி வைத்தது. 27 மாவட்டங்களின் ஊரக அமைப்புகளுக்குப் பதவிக்காலம் 2025 ஜனவரியில் முடிந்தபோது, மறுபடியும் தனி அலுவலர்கள் வந்தார்கள். எந்தக் கட்சி ஆட்சியில் இருந்தாலும் இது நடக்கிறது என்பதால், மடலைப் பெறுகிற எல்லாத் தலைமைகளுக்கும் இதில் பங்குண்டு.

வேறு மாநிலங்களைப் பாருங்கள். 1982-இல் இந்தூர் மாநகராட்சியில் கவுன்சிலராகி, 1984-இல் துணை மேயரான சுமித்ரா மகாஜன், 1989-இல் முன்னாள் முதலமைச்சர் பி.சி. சேத்தியைத் தோற்கடித்து மக்களவைக்குச் சென்றார். தொடர்ந்து எட்டு முறை வென்றார். 2014 முதல் 2019 வரை மக்களவைத் தலைவராக இருந்தார். பம்பாய் மாநகராட்சியில் உறுப்பினராகத் தொடங்கி 1976-இல் மேயரான மனோகர் ஜோஷி, பின்னர் முதலமைச்சராகி, 2002 முதல் 2004 வரை அதே மக்களவைத் தலைவர் நாற்காலியில் அமர்ந்தார். அந்த நாற்காலியில் முதன்முதலாக அமர்ந்த மாவ்லங்கர், அகமதாபாத் நகராட்சியின் தலைவராக இருந்து தேர்ந்தவர். புனே மேயராக இருந்த முரளிதர் மோஹோல் 2024-இல் முதன்முறை மக்களவைக்குத் தேர்வாகி உடனே இணையமைச்சரானார். நாட்டின் இன்றைய குடியரசுத் தலைவர் திரௌபதி முர்மு 1997-இல் ஒடிசாவின் ராய்ரங்பூர் என்ற சிற்றூரின் நகர்ப் பஞ்சாயத்தில் கவுன்சிலராக இருந்தவர். ஓர் அவையை நடத்தும் பழக்கம், எதிரணியின் பேச்சை உட்கார்ந்து கேட்கும் பொறுமை, விதிப்புத்தகத்தைப் புரட்டும் வழக்கம் ஆகியவற்றை நகர்மன்றத்தில் கற்றவர்களே மக்களவைத் தலைவர்களாகவும் அமைந்தார்கள் என்பதைத் தற்செயல் என்று என்னால் எடுத்துக்கொள்ள முடியவில்லை.

நீங்கள் என்ன மறுமொழி சொல்வீர்கள் என்பதை ஓரளவு ஊகிக்க முடிகிறது. சாக்கடையும் தெருவிளக்கும் பார்த்தவருக்கு அயலுறவும் வரிச்சட்டமும் தெரியுமா என்று கேட்பீர்கள். அயலுறவு தெரிந்தவர்களைத்தான் இதுவரை அனுப்பினீர்களா என்று திருப்பிக் கேட்பது எளிது, அதைத் தவிர்க்கிறேன். நாடாளுமன்றத்தின் பணியில் பெரும்பகுதி நிதி பற்றியது, அந்த நிதியில் கணிசமான பகுதி உள்ளாட்சியின் வழியாகவே மக்களைச் சென்றடைகிறது என்பதை மட்டும் சுட்டிக்காட்டுகிறேன். பதினைந்தாவது நிதிக்குழு ஊரக உள்ளாட்சிகளுக்கான மானியத்தில் 60 விழுக்காட்டைக் குடிநீருக்கும் சுகாதாரத்துக்கும் என்று கட்டிப்போட்டது. அதனால் ஓர் ஒன்றியத்தில் எந்த வேலை நடந்தது, எந்த வேலை நின்றது என்பதை அங்கே அமர்ந்து அனுபவித்தவர், அந்த விதியின் மீது மக்களவையில் கேட்கும் துணைக்கேள்வி வேறு தரத்தில் இருக்கும். மாவட்ட வளர்ச்சி ஒருங்கிணைப்பு மற்றும் கண்காணிப்புக் குழு எனப்படும் திஷா குழுவுக்குத் தலைமை வகிப்பவர் மக்களவை உறுப்பினரே. அதிகாரிகள் அடுக்கிவைக்கும் முன்னேற்ற அறிக்கையில், ‘பணி நடைபெற்று வருகிறது’ என்ற ஒரே வரிக்குப் பின்னால் ஒளிந்திருக்கக்கூடிய நான்கு வகையான தாமதங்களைப் பிரித்தறிய, ஐந்தாண்டு மன்றத்தில் இருந்தவருக்குப் பாடம் தேவையில்லை. ஆண்டுக்கு 5 கோடி ரூபாய் தொகுதி மேம்பாட்டு நிதியும் பெரும்பாலும் உள்ளாட்சிகளின் நிலத்தில், அவற்றின் பராமரிப்பில் முடியும் பணிகளுக்கே செல்கிறது.

இரண்டாவது மறுமொழி இன்னும் கடுமையானது. அதில் உண்மையும் உண்டு. கவுன்சிலர்கள் என்றாலே வீட்டு வரைபட அனுமதிக்கும், குடிநீர் இணைப்புக்கும், ஒப்பந்ததாரரிடமும் ‘கட்டிங்’ கேட்பவர்கள் என்ற பெயர் ஊருக்கு ஊர் இருக்கிறது. அது முழுக்க அவதூறு என்று, பதிவேடு எழுதிய நான் சொல்லத் துணிய மாட்டேன். ஆனால் அப்பெயர் எங்கிருந்து முளைக்கிறது என்பதையும் எண்ணிப்பார்க்க வேண்டும். மாதம் மதிப்பூதியம் என்று மாநகராட்சி உறுப்பினருக்கு 10,000 ரூபாயும், நகராட்சி உறுப்பினருக்கு 5,000 ரூபாயும், பேரூராட்சி உறுப்பினருக்கு 2,500 ரூபாயும் கிடைக்கத் தொடங்கியதே 2023-இல்தான். தேர்தலில் பெருந்தொகை செலவழித்துவிட்டு, இட ஒதுக்கீட்டுச் சுழற்சியில் வார்டு கைவிட்டுப் போகலாம், மேலே செல்ல வழியும் கிடையாது என்று தெரிந்துகொண்டு நுழையும் ஒருவர், அந்த ஐந்தாண்டையும் போட்ட முதலை எடுக்கும் காலமாகக் கருதுவதில் வியப்பில்லை. நேர்மையாக இருந்தால் கட்சி கவனிக்கும், நன்றாகப் பேசினால் பெரிய அவைக்கு அழைப்பு வரும் என்ற நம்பிக்கைக்கு ஓர் ஆதாரம் இருந்தால், பெயரைக் காப்பாற்றிக்கொள்வதால் இலாபம் உண்டு என்று எண்ணுபவர்களாவது சிலர் மன்றத்துக்குள் வருவார்கள். எல்லோரும் மாறிவிடுவார்கள் என்று நான் சொல்லவில்லை. இப்போதுள்ள ஏற்பாடு மோசமானவருக்கு எந்த இழப்பையும், நல்லவருக்கு எந்த ஆதாயத்தையும் தருவதில்லை என்றே சொல்கிறேன்.

பெண்களைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். 2016-இல் திருத்தப்பட்ட சட்டங்களின்படி தமிழ்நாட்டின் உள்ளாட்சி இடங்களில் பாதி பெண்களுக்கு உரியவை. 2022-இல் 21 மாநகராட்சிகள், 138 நகராட்சிகள், 490 பேரூராட்சிகள் ஆகியவற்றின் 12,838 வார்டுகளுக்கு ஒரே நாளில் தேர்தல் அறிவிக்கப்பட்டது. அவற்றில் பாதி என்பது ஆறாயிரத்துக்கும் மேல். சென்னையின் மேயராக ஆர். பிரியா அந்தத் தேர்தலில்தான் வந்தார். இன்னொரு பக்கம், 2024-இல் தமிழ்நாட்டின் 39 மக்களவைத் தொகுதிகளிலிருந்து தேர்வான பெண்கள் ஐவர். மக்களவையிலும் சட்டமன்றங்களிலும் மூன்றில் ஒரு பங்கைப் பெண்களுக்கு ஒதுக்கும் 106-ஆவது திருத்தம் 2023 செப்டம்பரில் நிறைவேறியிருக்கிறது; மக்கள்தொகைக் கணக்கெடுப்பும் தொகுதி மறுவரையறையும் முடிந்தபின் அது நடைமுறைக்கு வரும் என்று அதிலேயே எழுதப்பட்டுள்ளது. இன்றுள்ள தொகுதி எண்ணிக்கையை வைத்துக் கணக்கிட்டாலும் குறைந்தது 13 பெண்களைத் தமிழ்நாடு அனுப்ப வேண்டியிருக்கும்.

அந்த 13 பேரை எங்கே தேடப்போகிறீர்கள்? தகுதியான பெண்கள் கிடைக்கவில்லை என்று அப்போது சொல்லி, தலைவர்களின் மகள்களையும் மருமகள்களையும் மனைவியரையும் நிறுத்திவிடுவீர்கள் என்பது என் அச்சம். உள்ளாட்சியில் பெண் உறுப்பினருக்குப் பதிலாக அவருடைய கணவர் கூட்டத்துக்கு வெளியே நின்று முடிவெடுக்கும் அவலத்தை நானும் பார்த்திருக்கிறேன். ‘கவுன்சிலர் கணவர்’ என்றே விசிட்டிங் கார்டு அச்சடித்துக்கொண்டவர்களும் உண்டு. அதே வழியில் குடும்பத்தின் கட்டாயத்தால் வந்தவர்தான் சல்மாவும் என்பதை இந்த இடத்தில் நினைவூட்டுகிறேன். யாருக்காகவோ நிறுத்தப்பட்டவர்கள் பலர், இரண்டாவது ஆண்டில் கோப்பைக் கேட்டு வாங்கிப் படிக்கத் தொடங்கியதையும், மூன்றாவது ஆண்டில் கணவரை வாசலில் உட்காரவைத்துவிட்டுத் தாமே ஆணையரிடம் வாதாடியதையும் பதிவேட்டின் பக்கங்களில் நான் எழுதியிருக்கிறேன். அவர்களை ஆறாவது ஆண்டில் தேடிச் சென்றவர் எவருமில்லை. வார்டு பொதுவாகிவிட்டால் சீட்டு ஆணுக்குப் போய்விடும். அந்தப் பெண் கற்றுக்கொண்டது யாருக்கும் பயன்படாது.

இரண்டே கோரிக்கைகள். முதலாவது, உள்ளாட்சித் தேர்தல் பற்றியது. ஊராட்சித் தலைவர் தேர்தல் கட்சி சார்பற்றது. ஒன்றியக் கவுன்சிலர், மாவட்டக் கவுன்சிலர், நகர்ப்புற உறுப்பினர் ஆகியோரை நிறுத்துபவர்கள் நீங்கள். ஐம்பதாயிரம் மக்கள்தொகைக்கு ஒருவர் என்று அமைந்த மாவட்ட ஊராட்சி வார்டு, ஐயாயிரம் பேர் கொண்ட ஒன்றிய வார்டுக்கும் பல லட்சம் வாக்காளர்கள் கொண்ட மக்களவைத் தொகுதிக்கும் இடையில் இயல்பாகவே அமைந்த ஓர் இடைநிலை. அந்த இடத்துக்கு ஒன்றிய நிர்வாகிகளின் உறவினர்களைத் தவிர்த்து, ஒன்றியக் குழுவில் ஏற்கெனவே நன்றாகப் பணியாற்றியவர்களை அனுப்புங்கள். 2022-இல் தேர்வான நகர்ப்புற மன்றங்களின் ஐந்தாண்டு 2027 தொடக்கத்தில் முடிகிறது. யார் ஆட்சியில் இருந்தாலும் தேர்தலை அதற்குள் நடத்தவும், ஊரகத் தேர்தலை மேலும் தள்ளிப்போடாதிருக்கவும் உங்கள் சட்டமன்றக் கட்சியின் வழியாக வலியுறுத்துங்கள்.

அடுத்தது, மக்களவைத் தேர்தலுக்கு நீங்கள் விற்கும் விருப்ப மனுப் படிவம் பற்றியது. அதில் சாதி கேட்கிறீர்கள், கட்சியில் சேர்ந்த ஆண்டு கேட்கிறீர்கள், சிறை சென்றதுண்டா என்று கேட்கிறீர்கள். நேர்காணலில், எவ்வளவு செலவு செய்ய முடியும் என்பதும் கேட்கப்படுகிறது. தேர்தல் ஆணையம் மக்களவை வேட்பாளருக்கு வகுத்த செலவு வரம்பு 95 லட்சம் ரூபாய் என்பதை நேர்காணல் நடத்துபவர்கள் அறிவார்கள்; அந்த வரம்புக்குள் நிற்கும் விடையை அவர்கள் எதிர்பார்ப்பதில்லை என்பதை விண்ணப்பிப்பவர்களும் அறிவார்கள். அந்தப் படிவத்தில் இந்த ஒரு கேள்வியைச் சேர்க்கும்படி கேட்டுக்கொள்கிறேன்: ‘உள்ளாட்சி மன்றம் எதிலாவது உறுப்பினராக இருந்ததுண்டா? இருந்தால், கலந்துகொண்ட கூட்டங்கள், கொண்டுவந்த தீர்மானங்கள், பதிவு செய்த மறுப்புகள் ஆகியவற்றின் சான்றிட்ட நகலை இணைக்கவும்.’ தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் அந்த நகலை எவரும் பெற முடியும். மன்றப் பிரிவில் கேட்டால் எடுத்துக்கொடுப்பார்கள்.

இப்படிக்கு,
நகராட்சி மன்றப் பிரிவில் பணியாற்றி ஓய்வு பெற்ற ஒரு வாக்காளன்